தேவிகுளம் மலைநாட்டு வரலாற்று மூலங்கள்: மறுபதிப்பும் மின்பதிப்பும்

இடுக்கி மாவட்டத்தின் தேவிகுளம் வட்டம் தமிழாய்வாளர் பலருக்கும் இரண்டு செய்திகளால் மட்டுமே அறிமுகமாகியுள்ளது. ஒன்று தேயிலை, மற்றொன்று 1956 ஆம் ஆண்டு மாநிலச் சீரமைப்பின்போது எழுந்த எல்லைச் சிக்கல். இவ்விரண்டுக்கும் அப்பால் அம்மலைநாட்டின் வரலாற்றை எழுத முற்படுவோர் பெரும்பாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியிலும் வெளிவந்த ஆங்கில நூல்களையே சார்ந்திருக்க நேர்கின்றது. இந்நூல்களுள் பல 1970களுக்குப் பின் மறுபதிப்புப் பெற்றன. கடந்த இருபது ஆண்டுகளில் மின்வடிவிலும் கிடைக்கின்றன. முன்பு திருவனந்தபுரத்திற்கோ சென்னைக்கோ சென்று காத்திருந்து படிக்க வேண்டியிருந்த நூலை இன்று முதுகலை மாணவர் ஒருவர் தம் அறையிலிருந்தே திறந்து பார்க்கலாம். இது பெரும்பேறு என்பதில் ஐயமில்லை. எனினும் எந்நூல் மறுபதிப்பானது, எது ஆகவில்லை, மின்வடிவம் பெற்றதில் எது தேடினால் அகப்படுகின்றது, எது கண்முன் இருந்தும் அகப்படுவதில்லை என்னும் வினாக்கள் எழுதப்படும் வரலாற்றின் போக்கையே மாற்றிவிடுகின்றன. தேவிகுளத்தைச் சான்றாகக் கொண்டு இவ்வினாக்களை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெயரும் தேடலும்

முதற்சிக்கல் ஊர்ப்பெயரிலேயே தொடங்குகின்றது. திருவிதாங்கூர் அரசின் ஆங்கில அறிக்கைகளில் 'குளம்' என்பது பெரும்பாலும் 'கொலம்' என்று ஒலிக்கும் வகையிலேயே எழுதப்பட்டுள்ளது. 1911, 1921 ஆம் ஆண்டுகளின் குடிமதிப்பு அறிக்கைகளில் தேவிகுளம் ஒரு தனிக்கோட்டமாகவே இடம்பெறுகின்றது. அங்கும் இவ்வெழுத்துமுறையே உள்ளது. இன்றைய எழுத்துமுறையில் பெயரைத் தட்டச்சுச் செய்து தேடும் ஆய்வாளருக்கு இவ்வறிக்கைகள் அகப்படமாட்டா. அகப்படாததை 'இல்லை' என்று கருதிவிடும் இடர் இங்கே உண்டு. பீர்மேட்டிற்கோ நான்கைந்து எழுத்துமுறைகள் வழங்கியுள்ளன. 'ஏலமலை', 'உயர்மலை' ஆகிய பொதுப்பெயர்களின் ஆங்கில வடிவங்களிலேயே சில நூல்கள் இப்பகுதியைப் பேசுகின்றன. ஊர்ப்பெயர் ஓரிடத்திலும் வராத பக்கங்களும் உண்டு.

நிருவாக மாற்றங்கள் இச்சிக்கலை மேலும் பெருக்குகின்றன. இடுக்கி மாவட்டம் 1972 சனவரி 26 அன்றுதான் உருவாயிற்று. அதற்கு முன் தேவிகுளம் கோட்டயம் மாவட்டத்தில் இருந்தது. ஆகவே மாவட்டவாரியாகப் பகுக்கப்பட்ட மின்தொகுப்புகளில் இடுக்கியின்கீழ்த் தேடுவோர் 1972 க்கு முந்தைய ஆவணங்களைப் பெறுதல் அரிது. கேரளத்து மின்னூலகங்களின் கவனம் இயல்பாகவே மலையாள நூல்கள்மீது குவிகின்றது. தமிழகத்து மின்னூலகங்கள் தமிழக எல்லைக்குள் அச்சான நூல்களை முதன்மைப்படுத்துகின்றன. இருபுறமும் நல்ல பணியே நடைபெறுகின்றது. ஆயினும் எல்லைக்கோட்டின்மேல் அமைந்த ஒரு மலைநாடு இரு தொகுப்புகளிலும் ஓரத்திற்குப் போய்விடுகின்றது.

தமிழ் எழுத்தில் அச்சான பழைய நூல்களில் மற்றொரு தடையும் உண்டு. தமிழகத்தில் 1978 ஆம் ஆண்டு எழுத்துச் சீர்திருத்தம் நடைமுறைக்கு வருவதற்கு முன் ணை, லை, ளை, னை ஆகியனவும் ணா, றா, னா ஆகியனவும் வேறு வடிவில் அச்சிடப்பட்டன. எழுத்துணரிச் செயலிகள் இவற்றைப் பிழைபட வாசிப்பது வழக்கம். 'மலை', 'தேயிலை', 'வேலை' ஆகிய மூன்று சொற்களும் லையில் முடிவன என்பதை நோக்கினால், தோட்டத் தொழிலாளர் வரலாற்றைத் தேடுபவருக்கு இப்பிழை எவ்வளவு பெரிய இழப்பு என்பது விளங்கும்.

அளவையாளரும் வேட்டைக்காரரும்

இம்மலைகளைப் பற்றிய முறையான எழுத்துப் பதிவுகளில் காலத்தால் முற்பட்டவை வார்டு, கானர் என்னும் இரு படைத்துறை அளவையாளர்களின் குறிப்புகள். 1816 முதல் 1820 வரை திருவிதாங்கூர், கொச்சி அரசுகளின் நிலப்பகுதியை அளந்த இவர்களின் நினைவுக்குறிப்பு 1863 இல் அச்சாயிற்று. கேரள அரசிதழ்த் துறை 1994 இல் இதனை மறுபதிப்புச் செய்தது. நாகமய்யாவின் திருவிதாங்கூர் மாநிலக் கையேடு 1906 இல் மூன்று தொகுதிகளாக வெளிவந்தது. வேலுப்பிள்ளையின் நான்கு தொகுதிகள் 1940 இல் வந்தன. இவை மறுபதிப்பும் பெற்றன, மின்வடிவமும் பெற்றன. சங்குண்ணி மேனனின் 1878 ஆம் ஆண்டுத் திருவிதாங்கூர் வரலாறும் அவ்வாறே.

அரசு சார்ந்த நூல்கள் இவ்வாறிருக்க, தனியார் எழுதியவற்றில் டக்ளசு ஆமில்டனின் வேட்டை நினைவுகள் குறிப்பிடத்தக்கவை. இவர் 1862 இல் ஆனைமுடியின் உச்சியை அடைந்தவர். நூல் அவர் மறைவுக்குப் பின் 1892 இல் வெளியாயிற்று. ஏலமலைக் கண்காணிப்பாளராக இருந்த சான் டேனியல் மன்றோ 1880 இல் திருவிதாங்கூரின் உயர்மலைகளைப் பற்றிச் சிறுநூல் ஒன்று எழுதினார். அளவிற் சிறிதாயினும் தேவிகுளம் பகுதியின் நிலவுடைமை வரலாற்றில் இவருக்குள்ள இடம் மிகப் பெரிது. அதனைப் பின்னர்க் காண்போம்.

இந்நூல்களை மின்வடிவில் படிப்போர் ஒன்றைக் கருத்திற்கொள்ள வேண்டும். அளவையாளரும் தோட்டக்காரரும் எழுதிய நூல்களின் உயிர்நிலை நிலப்படத்தில் உள்ளது. மடித்து வைத்துத் தைக்கப்பட்ட பெரிய படங்களைத் தொகுதி தொகுதியாக மின்படியெடுக்கும் பணியாளர்கள் பல நேரங்களில் விரிப்பதில்லை. மடிப்பின் மேற்பக்கம் மட்டும் வெண்மையாகவோ, ஒரு மூலையின் கோடுகளோடோ பதிவாகின்றது. 2000களின் தொடக்கத்தில் இந்திய மின்னூலகத் திட்டத்தின்கீழ் உருவான படிகளில் பக்கங்கள் விடுபட்டும் நூற்பெயர் பிழைபட்டும் இருப்பதை ஆய்வாளர் அறிவர். அத்திட்டத்தின் தளம் மறைந்த பின்னும் அப்படிகள் இணைய ஆவணகத்தில் அதே பிழைகளோடு வாழ்கின்றன. மறுபதிப்பு நூல்களும் இதற்கு விலக்கன்று. இக்கட்டுரையாளர் விலைகொடுத்து வாங்கிய ஒரு மறுபதிப்பில் பதினாறு பக்கங்கள் இருமுறை தைக்கப்பட்டிருந்தன. அவ்விடத்தில் இருக்கவேண்டிய பதினாறு பக்கங்கள் இல்லை. அப்பகுதியை இணையப்படியில் படித்தே நிறைவுசெய்ய நேர்ந்தது. மறுபதிப்பும் மின்பதிப்பும் ஒன்றையொன்று திருத்தும் இரு சாட்சிகள் எனக் கொள்வதே தக்கது. ஒன்றை மட்டும் நம்புதல் ஆய்வுக்கு ஆகாது.

முதுவர் பற்றிய ஒரு கட்டுரை

ஒரு பனுவல் வடிவம் மாறிமாறிப் பயணிக்கும்போது என்ன நேர்கின்றது என்பதற்கு முதுவர் பற்றிய கட்டுரை தக்க சான்றாகும். எட்கர் தர்ஸ்டன் 1909 இல் ஏழு தொகுதிகளாக வெளியிட்ட தென்னிந்தியச் சாதிகளும் பழங்குடிகளும் என்னும் நூலின் ஐந்தாம் தொகுதியில் இக்கட்டுரை உள்ளது. இந்நூல் 1970களிலும் 1980களிலும் புதுதில்லிப் பதிப்பகங்களால் மறுபதிப்பாயிற்று. தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் க. ரத்னத்தின் மொழிபெயர்ப்பில் 'தென்னிந்தியக் குலங்களும் குடிகளும்' என்னும் பெயரில் இதனைத் தமிழில் வெளியிட்டது. கூட்டன்பர்க்குத் திட்டம் ஏழு தொகுதிகளையும் மறுதட்டச்சு செய்து இணையத்தில் இட்டுள்ளது. ஆக, ஒரே செய்தி மூலப்பதிப்பு, நிழற்படி மறுபதிப்பு, தமிழ் மொழிபெயர்ப்பு, தட்டச்சு மின்பதிப்பு என நான்கு வடிவங்களில் ஆய்வாளர் கையில் உள்ளது.

தமிழில் முதுவரைப் பற்றி எழுதுவோர் 'தர்ஸ்டன் கூறுகிறார்' என்றே எழுதுகின்றனர். ஆனால் ஏலமலையில் வாழும் முதுவரைப் பற்றிய குறிப்புக்குத் தாம் ஐல்மர் மார்ட்டின் என்பவருக்குக் கடன்பட்டிருப்பதாகத் தர்ஸ்டன் கட்டுரையின் தொடக்கத்திலேயே சொல்லிவிடுகின்றார். மார்ட்டின் மானிடவியலர் அல்லர். உயர்மலையில் தோட்டத்தொழிலில் ஈடுபட்டிருந்த ஆங்கிலேயர். எனவே நாம் படிப்பது சென்னை அருங்காட்சியகக் கண்காணிப்பாளரின் களஆய்வு அன்று. காடு திருத்தித் தேயிலை நட்ட தரப்பைச் சார்ந்த ஒருவர், அக்காட்டிற்கு முன்பே உரியவர்களாக இருந்த மக்களைப் பற்றி எழுதிக் கொடுத்த குறிப்பு. இவ்வேறுபாடு சிறிதன்று. முதுவரின் வேளாண்முறை, குடியிருப்பை மாற்றும் வழக்கம், உழைப்பில் அவர்களுக்குள்ள விருப்பு வெறுப்பு ஆகியவற்றைப் பற்றிய ஒவ்வொரு மதிப்பீட்டையும் 'இதனைச் சொல்பவர் யார்' என்னும் வினாவோடு படிக்கவேண்டியுள்ளது. தேடுபொறி வழியாக நேரே ஒரு பத்தியில் வந்து இறங்கும் வாசகர் கட்டுரையின் தொடக்கத்தைப் பார்ப்பதில்லை. அச்சுநூலைக் கையில் வைத்திருப்பவர் பக்கத்தைப் பின்னோக்கித் திருப்பியாவது பார்த்திருப்பார்.

இக்கட்டுரையிலேயே இன்னொரு குழப்பமும் உள்ளது. முதுவரையும் முதுகரையும் ஒரே இனமாகக் கொண்டு தொடக்கவரி அமைகின்றது. பாலக்காட்டு மாவட்டத்தின் அட்டப்பாடியில் வாழும் முதுகர் வேறு மக்கள். தேவிகுளம், ஆனைமலைப் பகுதிகளின் முதுவர் வேறு மக்கள். இருவர்க்கும் மொழி, வாழ்முறை, வழக்காறு ஆகியவற்றில் வேறுபாடு உண்டு. 1909 இல் நேர்ந்த இவ்வொருமைப்படுத்தல் மறுபதிப்பில் அடிக்குறிப்பு எதுவுமின்றித் தொடர்கின்றது. மின்வடிவில் தேடும்போது ஒன்றன் பெயருக்கு மற்றொன்றன் செய்தியும் சேர்ந்தே வருகின்றது. பழைய நூலைத் திருத்தாமல் உள்ளவாறே தருதல் பதிப்பறம்தான். ஆனால் ஒரு முன்னுரைப் பக்கம், இரண்டு அடிக்குறிப்புகள் இருந்தால் அவ்வறத்திற்கு ஊறு நேர்ந்துவிடாது. சங்க நூல்களின் பாடபேதங்களைத் தேடி அலைந்த உ.வே.சாமிநாதையர் வழிவந்த துறையினர் நாம். இனவரைவியல் நூல்களுக்கு மட்டும் அந்த உழைப்பு வேண்டியதில்லை என்று கருதிவிட்டோமோ என எண்ணத் தோன்றுகின்றது.

முதுவர் மதுரையிலிருந்து மலையேறினர் என்பது அவர்தம் வழக்காறு. மீனாட்சியின் திருவுருவை முதுகில் சுமந்து வந்தமையால் இப்பெயர் பெற்றனர் என்பது இன்றும் வாய்மொழியாக வழங்குகின்றது. பிள்ளைகளை முதுகில் கட்டிச் சுமந்ததே பெயர்க்காரணம் என்பாரும் உளர். எல்.ஏ. கிருஷ்ணய்யர் 1937 முதல் 1941 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்ட திருவிதாங்கூர்ப் பழங்குடிகளும் சாதிகளும் என்னும் நூலிலும் முதுவர் இடம்பெறுகின்றனர். இவ்வழக்காறு அச்சேறியபின் அந்த அச்சு வடிவமே பள்ளி வழியாகவும் சுற்றுலாக் கையேடு வழியாகவும் மலைக்குத் திரும்பிச் செல்கின்றது. இன்று ஒரு முதுவர் குடியில் களப்பணி செய்பவர் கேட்பது பாட்டன் சொன்ன கதையா, நூலிலிருந்து இறங்கி வந்த கதையா என்பதைப் பிரித்தறிதல் எளிதன்று. இணையத்தின் வருகையால் இவ்வட்டம் மேலும் விரைவாகச் சுழல்கின்றது.

தீர்ப்புரையில் வாழும் ஆவணம்

1877 சூலை 11 அன்று பூஞ்ஞாற்றுத் தலைவர் கண்ணன் தேவன் மலைப்பகுதியை மன்றோவுக்குக் கொடுத்தார். அஞ்சுநாட்டைச் சேர்ந்த கண்ணன் தேவன் என்னும் தலைவரின் பெயரே மலைக்கு ஆயிற்று என்பது வழக்கு. 1878 இல் திருவிதாங்கூர் அரசு இக்கொடையை உறுதிசெய்தது. 1879 இல் வடதிருவிதாங்கூர் நிலத் தோட்ட வேளாண் சங்கமும், 1897 இல் கண்ணன் தேவன் மலை விளைபொருள் நிறுமமும் தோன்றின. கொடைக்குட்பட்ட பரப்பு ஏறத்தாழ 1,37,000 ஏக்கர். ஒரு தமிழ் மலைக்குடித் தலைவனின் பெயர் ஆங்கில நிறுமத்தின் பெயராகித் தேயிலைப் பொட்டலத்தில் உலகெங்கும் சென்றது என்பது வரலாற்றின் முரண்களுள் ஒன்று.

இவ்வாவணங்களை இன்று படிக்க விரும்புவோர் எங்குச் செல்வது? வரலாற்று நூல்களின் மறுபதிப்புகளில் இவை சுருக்கமாகவே பேசப்படுகின்றன. எளிதில் கிடைக்கும் விரிவான விளக்கம் இருப்பதோ சட்ட அறிக்கையில். கேரளச் சட்டமன்றம் 1971 இல் கண்ணன் தேவன் மலை நில மீட்புச் சட்டத்தை இயற்றியது. நிறுமம் அதனை எதிர்த்து வழக்காடியது. உச்சநீதிமன்றம் 1972 இல் சட்டம் செல்லும் எனத் தீர்ப்பளித்தது. பூஞ்ஞாற்றுத் தலைவரின் உரிமை எத்தகையது, திருவிதாங்கூர் அரசின் உரிமை எத்தகையது என்பதை முடிவுசெய்யும் பொருட்டு 1877 முதல் 1899 வரையான ஆவண வரலாற்றை நீதிமன்றம் ஆராய வேண்டியிருந்தது. அத்தீர்ப்புரை இணையத்தில் விலையின்றிக் கிடைக்கின்றது. ஆக, தேவிகுளத்தின் அடிப்படை ஆவண வரலாறு நூலகத்தார் கைபடாமல் வழக்கறிஞர் வழியாக மின்பதிப்பாகியுள்ளது எனலாம்.

தேர்தல் வரலாற்றிலும் இதே நிலைதான். 1957 இல் தேவிகுளம் இரட்டை உறுப்பினர் தொகுதியில் ரோசம்மா புன்னூசு பெற்ற வெற்றி, எதிர்த்தரப்பினரின் வேட்புமனு முறையின்றித் தள்ளப்பட்டது என்னும் காரணத்தால் செல்லாதாக்கப்பட்டது. 1958 இல் நடந்த இடைத்தேர்தலில் அவரே மீண்டும் வென்றார். நாடே கவனித்த அவ்விடைத்தேர்தலில் பண்ணைப்புரத்துப் பாவலர் வரதராசன் பொதுவுடைமைக் கட்சிக்காகத் தமிழில் பாடி வாக்குக் கேட்டார். வேட்புமனு வழக்கின் நுணுக்கங்களைச் சட்ட அறிக்கையில் இன்றும் படிக்கலாம். கொழுந்து கிள்ளும் பெண்கள் கூடிநின்று கேட்ட பாட்டுகள் அவற்றைக் கேட்டவர் நினைவை நம்பியே நிற்கின்றன. எது மின்வடிவம் பெறுகின்றது, எது பெறாமற் போகின்றது என்பதற்கு இதனினும் தெளிந்த சான்று வேண்டியதில்லை.

எல்லைச் சிக்கலின் தாள்கள்

பசல் அலி தலைமையில் குன்சுரு, கே.எம். பணிக்கர் ஆகியோரைக் கொண்ட மாநிலச் சீரமைப்பு ஆணையம் 1955 செப்டம்பர் 30 அன்று அறிக்கையை அளித்தது. அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு, செங்கோட்டை ஆகியவற்றைச் சென்னை மாநிலத்துடன் சேர்க்கப் பரிந்துரைத்த ஆணையம், தேவிகுளத்தையும் பீர்மேட்டையும் கேரளத்திலேயே நிறுத்தியது. தேவிகுளத்தில் தமிழ் பேசுவோர் பெரும்பான்மையினர் என்பதை ஆணையம் மறுக்கவில்லை. அவர்களுள் பெரும்பகுதியினர் தோட்டவேலைக்கு வந்துபோகும் இயல்பினர் என்பதும், மொழிப்பெரும்பான்மை ஒன்றே எல்லையை முடிவுசெய்யப் போதாது என்பதும் அதன் நிலைப்பாடு. 1956 நவம்பர் 1 அன்று அவ்வாறே எல்லை அமைந்தது.

ஆணைய அறிக்கை, குடிமதிப்பு அறிக்கைகள் ஆகியன இன்று மின்வடிவில் உள்ளன. ம.பொ.சிவஞானத்தின் நூல்கள் நாட்டுடைமையாக்கப்பட்டமையால் அவர்தம் எல்லைப் போராட்ட நினைவுகளும் எளிதிற் கிடைக்கின்றன. மறுபுறம், நேசமணி வழிநடத்திய திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரசு தேவிகுளம், பீர்மேடு தோட்டங்களில் வழங்கிய துண்டறிக்கைகளும் கூட்ட அழைப்புகளும் தொகுப்பாக மறுபதிப்புப் பெறவில்லை. நாஞ்சில் நாட்டுப் போராட்டம் பற்றி நூல்கள் பல வந்துள்ளன. மலைநாட்டுப் பகுதி அவற்றில் ஓர் இயலாகவோ ஒரு பத்தியாகவோ சுருங்கிவிடுகின்றது. வென்ற எல்லைக்குக் கிடைத்த ஆவணப்பேறு இழந்த எல்லைக்குக் கிடைக்கவில்லை.

இவ்விடத்தில் ஒன்று சொல்லியாக வேண்டும். 'குளம்', 'மேடு' என்னும் இரு சொற்களையும் வைத்து, எல்லாம் இந்தியாவில்தானே உள்ளன என்னும் பொருளில் காமராசர் சிலேடையாகப் பேசியதாக ஒரு கூற்று பெருவழக்காக உள்ளது. எண்ணற்ற கட்டுரைகளும் மேடைகளும் இதனை எடுத்தாள்கின்றன. அவர் இதனைச் சொன்ன நாள், இடம், வெளியிட்ட நாளிதழ் ஆகிய மூன்றையும் சேர்த்துக் காட்டுவோரைக் காண்டல் அரிது. ஒருவர் மற்றொருவரைக் காட்டுகின்றார். இணையம் அதனை ஆயிரமாக்குகின்றது. ஆயிரம் படிகள் இருத்தலும் ஆயிரம் சான்றுகள் இருத்தலும் ஒன்றல்ல. 1955, 1956 ஆம் ஆண்டுகளின் தமிழ் நாளிதழ்கள் தேடத்தக்க எழுத்துவடிவில் வந்தாலொழிய இதனை ஏற்பதோ மறுப்பதோ முறையாகாது. அதுவரை ஆய்வேடுகளில் இக்கூற்றை மேற்கோளாக ஆளுவதைத் தவிர்ப்பதே நன்று என்பது இக்கட்டுரையாளரின் கருத்து.

இலங்கை தரும் ஒப்பீடு

தோட்டத் தொழிலாளர் எழுத்தைப் பொறுத்தவரை இலங்கை மலையகம் நமக்கு முன்மாதிரி. ஆபிரகாம் சோசப்பின் 'கோப்பிக் கிருஷிக் கும்மி' 1869 இல் அச்சானது. மீனாட்சியம்மாள் நடேசய்யர் தொழிலாளர் நிலையைப் பாட்டாக்கி 1940 இல் வெளியிட்டார். 2005 இல் தொடங்கிய நூலகம் நிறுவனம் மலையக வெளியீடுகள் பலவற்றை மின்வடிவில் தொகுத்துள்ளது. மு. நித்தியானந்தன் 'கூலித்தமிழ்' என்னும் நூலில், அவ்வாறு தேடியெடுத்த பழம்பனுவல்களை வைத்தே மலையக இலக்கியத்தின் தொடக்கத்தை மறுவரையறை செய்தார்.

துரைமார் தொழிலாளரோடு பேசுவதற்கென எழுதப்பட்ட தமிழ்க் கையேடுகளையும் அந்நூல் ஆராய்கின்றது. வெல்ஸ் என்பவர் 1915 இல் கொழும்பில் வெளியிட்ட கையேடு அவற்றுள் ஒன்று. ஏவல் வினைகள் மிக்கும் மரியாதைப் பன்மை அருகியும் காணப்படும் இம்மொழிநடை, இலக்கண நூல் எதுவும் பதிவுசெய்யாத ஒரு சமூகத் தமிழின் பதிவாகும். தேவிகுளத் தோட்டங்களிலும் கங்காணி, செக்ரோல், லயம், துரை என அதே சொற்றொகுதி வழங்கியது. மொழியியல் நோக்கில் இரு மலைநாடுகளையும் ஒப்பிடுதற்கு இலங்கைத் தரப்பு நூல்கள் அணியமாக உள்ளன. நம் தரப்பில் ஒப்பிடுதற்கான அச்சுநூல் மிகக் குறைவு.

நம் தரப்பில் நிகழ்ந்த ஒரு நற்பணியையும் இங்குக் குறிப்பிடவேண்டும். ஆனைமலைத் தோட்டங்களில் மருத்துவராயிருந்த பி.எச். டேனியல் 1969 இல் ஆங்கிலத்தில் எழுதிய புதினம் பல்லாண்டுகள் கவனிப்பாரற்றுக் கிடந்தது. இரா. முருகவேள் 2007 இல் 'எரியும் பனிக்காடு' எனத் தமிழாக்கியபின் அது மறுவாழ்வு பெற்றது; 2013 இல் வெளிவந்த 'பரதேசி' திரைப்படத்திற்கும் ஊற்றாயிற்று. வால்பாறைப் பகுதியே கதைக்களம் எனினும், ஒரே மலைத்தொடரின் மறுசரிவில் உள்ள தேவிகுளத்து மக்களும் தம் கதையாகவே அதனைப் படிக்கின்றனர். தேர்ந்த மொழிபெயர்ப்பு ஒன்று நிழற்படி மறுபதிப்புகள் பல செய்யாததைச் செய்துவிடுகின்றது.

குசிலிப் பதிப்புகள் இன்னொரு வாயில். வெள்ளம், தீ, கொலை, தொடர்வண்டி விபத்து என நிகழ்வுகளை உடனுக்குடன் சிந்தாகவும் கும்மியாகவும் பாடி அச்சிட்டு விற்ற மரபு அது. ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'முச்சந்தி இலக்கியம்' இம்மரபின் பரப்பை நமக்குக் காட்டியது. 1924 சூலையில், கொல்லம் ஆண்டு 1099 இல், நேர்ந்த பெருவெள்ளத்தில் மூணாற்றிலிருந்து மேல்தளம் வரை ஓடிய குண்டளைப் பள்ளத்தாக்குத் தொடர்வண்டிப் பாதை அழிந்தது. பின்னர் அது மீளக் கட்டப்படவே இல்லை. மலையாளிகள் இன்றும் 'தொண்ணூற்றொன்பதின் வெள்ளம்' எனச் சொல்லும் இவ்வெள்ளம் தேனி, போடி வட்டாரத்துச் சிந்து பாடுவோர் காதுக்கு எட்டாமல் இருந்திருக்க முடியாது. 1994 இல் தோன்றிய ரோசா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தின் சிறுவெளியீடுகளை இந்நோக்கில் ஒருவர் முழுமையாகத் துருவுதல் நல்ல ஆய்வுப்பொருளாகும்.

தகரப்பெட்டி

மேலே கூறியவை அச்சேறிய நூல்கள். அச்சேறாத தாள்களைப் பற்றியும் சொல்லாமல் இக்கட்டுரை நிறைவுறாது. பட்டியல் இனச் சான்றிதழ் பெறுவதற்கு, 1950 ஆகத்து 10 அன்று வெளியான குடியரசுத் தலைவர் ஆணையின் நாளுக்கு முன்பே தம் முன்னோர் இம்மாநில எல்லைக்குள் குடியேறியிருந்தனர் என்பதற்குச் சான்று காட்டும்படி தேவிகுளம், பீர்மேடு வட்டங்களின் தமிழ்க் குடும்பங்கள் கேட்கப்படுகின்றன. நிலம் இல்லாதவருக்குப் பட்டா இல்லை. லயத்து வீடு நிறுமத்துக்கு உரியது. பேறுகாலமும் இறப்பும் தோட்ட மருத்துவமனையில். மீதமிருப்பது செக்ரோல் பதிவு ஒன்றே. 1955 இல் 'வந்துபோவோர்' எனக் கணிக்கப்பட்ட மக்களின் பேரப்பிள்ளைகள், தாம் வந்து நிலைத்தவர்கள் என்பதைத் தாள்கொண்டு மெய்ப்பிக்க வேண்டிய நிலையில் உள்ளனர். இன்னொரு மாநிலத்து ஆய்வரங்கில் வரலாற்று மூலம் எனப்படுவது இங்கே ஒரு மாணவியின் கல்லூரிச் சேர்க்கையாக இருக்கின்றது.

பணி ஓய்வுபெற்றவர், குடும்பத்தில் வேறொருவர் தோட்டப்பணியில் இல்லையாயின், லயத்து வீட்டைவிட்டு வெளியேற வேண்டும். வீடு மாறும்போது முதலில் எறியப்படுவன பழைய தாள்களே. 2020 ஆகத்து 6 ஆம் நாள் இரவு பெட்டிமுடியில் மலைச்சரிவு லயங்களை மூடியபோது எழுபது உயிர்கள் மாண்டன. அம்மண்ணுக்குள் போன வீடுகளில் இருந்த புகைப்படங்களையும் கடிதங்களையும் எந்த நூலகமும் முன்னமே படியெடுத்திருக்கவில்லை.

மறுபதிப்புக்கான நல்கை ஒன்று கிடைக்குமாயின், ஏற்கெனவே மூன்று நிலையங்களில் கிடைக்கும் தர்ஸ்டனை நான்காம் முறை அச்சிடுவதைக் காட்டிலும், தொழிற்சங்க அலுவலகங்களின் பழைய துண்டறிக்கைகளையும் குடும்பங்கள் மனமுவந்து காட்டும் தாள்களையும் படியெடுப்பதே இன்றைய முதற்பணி என்று இக்கட்டுரையாளர் கருதுகின்றார். இதற்குப் பெரும்பொருள் வேண்டியதில்லை. ஒரு நல்ல கைப்பேசி, வெயில் விழும் ஒரு திண்ணை, தாளுக்குரியவரின் எழுத்துவழி இசைவு ஆகியன போதும். யாருடைய தாளை எவருக்குத் திறந்து காட்டலாம் என்பதை உரியவரே முடிவுசெய்யவேண்டும்; சாதிப்பெயரும் கடன் கணக்கும் உள்ள தாள்களை அப்படியே இணையத்தில் இடுதல் தீங்காகவும் முடியும்.

களப்பணியின்போது தேவிகுளத்திற்கு அருகில் ஒரு முதியவர் கட்டிலடியிலிருந்து தகரப்பெட்டி ஒன்றை இழுத்துத் திறந்தார். குடும்ப அட்டைகள், தேர்தல் சீட்டுகள், தொழிற்சங்கச் சந்தாச் சீட்டுகள், தந்தையார் ஓய்வுபெற்றபோது கொடுத்த ஒரு சான்றுத்தாள். சான்றுத்தாளில் தந்தையின் பெயர் ஆங்கிலத்தில் ஒருவகையாகவும், சந்தாச் சீட்டில் தமிழில் வேறுவகையாகவும், குடும்ப அட்டையில் மலையாளத்தில் மூன்றாம் வகையாகவும் இருந்தது. மூன்றும் ஒருவரே என்பதை அலுவலகத்தில் எப்படிச் சொல்வது என்று அவர் கேட்டார். அவர் இசைவுடன் முப்பத்தொரு தாள்களைப் படியெடுத்தோம். கோப்புக்குப் பெயரிடும்போது மூன்று எழுத்துமுறைகளையும் அடுத்தடுத்து எழுதி, ஊர்ப்பெயரை இன்றைய வடிவிலும் திருவிதாங்கூர் அறிக்கைகளின் பழைய வடிவிலும் சேர்த்தோம். ஒரு படித்தொகுதி துறை நூலகத்தில் உள்ளது. மற்றொன்றைத் தாளில் அச்சிட்டு அவரிடமே கொடுத்தோம். அதனையும் அவர் அப்பெட்டியிலேயே வைத்தார்.